பப்பாளியும் சம்பந்தியின் சிமெண்டும்

அன்று கூடத்தில் இருந்தவர்கள் ஆறு பேர். வீட்டுக்கு மூத்தவரான அத்தை, மின்சார ஆபீஸில் மீட்டர் கணக்கெடுத்து ஓய்வு பெற்ற அவருடைய தம்பி, தம்பியின் மனைவி, அவர்களுடைய ஒரே மகன், ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை பார்க்கும் அவன் மனைவி, அந்த வீட்டுக்குச் சம்பந்தியும் கட்டட கான்ட்ராக்டருமான அவளுடைய அப்பா. ஏழாவதாகத் தானும் இருந்ததாகப் பக்கத்து வீட்டுக்காரர் சொல்லிக்கொண்டு திரிகிறார். அவர் இல்லை. அவர் வீட்டு மாடியிலிருந்து எட்டிப் பார்த்தால் அந்தக் கூடத்து மின்விசிறி மட்டும்தான் தெரியும்.

பேச்சு கொல்லையைப் பற்றியது. மகன் கார் வாங்கப் போகிறான். தெரு குறுகல். பக்கத்துச் சந்து வழியாகக் காரைப் பின்னால் கொண்டுவந்து நிறுத்தலாம். கொல்லையில் சிமெண்ட் தளம் போட்டால் போதும். போடுவது சம்பந்தி. செலவும் அவருடையதே. சொல்லிவிட்டுச் சம்பந்தி நாற்காலியில் நன்றாகச் சாய்ந்துகொண்டார். கொடுத்துப் பழகியவர்களுக்கு அப்படி ஒரு சாய்வு வந்துவிடும்.

அத்தைக்கு அந்த மண் நீளத்தில் எட்டுத் தப்படி, அகலத்தில் ஆறு தப்படி. அவ்வளவுதான். ஆனால் முப்பத்தொரு வருடம் சட்டைக் கம்பெனியில், சன்னல் இல்லாத ஹாலில், குழல் விளக்குக்கு அடியில் நின்றுகொண்டு, தைத்து வந்த சட்டைகளைச் சோதித்தவர் அவர். வெளியே மழையா வெயிலா என்று சாப்பாட்டு மணி அடித்த பிறகுதான் தெரியும். ஓய்வு பெற்ற அன்று கம்பெனி கொடுத்த சால்வையை மடித்து வைத்துவிட்டு அந்தக் கொல்லையில் போய் வெறுங்காலுடன் நின்றார். அன்றிலிருந்து அது அவர் இடம். அதன்மேல் சிமெண்ட் என்றதும் நெஞ்சில் ஒரு குத்து. அதுவும் சும்மா கிடைக்கிற சிமெண்ட் என்றதும் இன்னொரு குத்து. இரண்டில் எது ஆழம் என்று அவருக்கே தெரியவில்லை.

"என் பொண்ணு இருக்கற வீடு. நான் செய்யாம யாரு செய்வா?" என்றார் சம்பந்தி.

"உங்க பொண்ணு இருக்கற வீடு இல்ல சம்பந்தி, உங்க பொண்ணோட வீடு. அதுக்கு வேண்டியதை இந்த வீடே செஞ்சுக்கும்."

மகன் செருமினான். தம்பி கூரையைப் பார்த்தார். சம்பந்தி விடவில்லை. அந்த மண்ணை வைத்துக்கொண்டு என்ன செய்யப் போகிறீர்கள் என்று கேட்டார். வீடு கட்டியபோது கொட்டிய செங்கல் உடைசலும் சுண்ணாம்புமாகக் கிடக்கிற மண், அதில் புல் முளைக்கவே யோசிக்கிறது என்றார். பிறகு சிரித்துக்கொண்டே, "ஒரு பப்பாளி காய்க்குமா இதுல? காய்ச்சு, பழுத்து, என் தட்டுக்கு வந்துட்டா, சிமெண்ட் மூட்டையை என் தோள்லயே தூக்கிட்டுப் போயிடறேன்" என்றார்.

வாய்தவறி வந்த வார்த்தைதான். அத்தை அதைக் கீழே விழ விடவில்லை. எத்தனை நாள் தவணை என்று கேட்டார். சம்பந்திக்கு வெளியூரில் ஒரு பாலம் கட்டும் வேலை இருந்தது, பதினைந்து மாதம். திரும்பி வருகிற மாதத்தின் கடைசி ஞாயிற்றுக்கிழமை என்று முடிவானது. அதற்குள் பழம் இல்லையென்றால் கொல்லை முழுக்கத் தளம். அத்தை ஒரு சொல் சொல்லக் கூடாது. ஆறு பேரும் கேட்டார்கள். அந்த வீட்டில் வாயால் சொன்னதைக் காகிதத்தில் எழுதி வாங்கும் வழக்கம் இல்லை.

மறுநாளே அத்தை பழக்கடைக்குப் போய் நன்றாகப் பழுத்த பப்பாளி ஒன்றை வாங்கிவந்தார். விதைகளின் மேலிருந்த வழவழப்பைச் சாம்பலில் தேய்த்து எடுத்து, நிழலில் உலர்த்தி, காலியான பால் பைகளில் ஊன்றினார். அவை முளைத்து வருவதற்குள் மண்ணைச் சரிசெய்ய வேண்டும். அத்தை கடப்பாரையால் நெம்ப, தம்பி செங்கல் துண்டுகளைச் சட்டியில் வாரிக் கொட்ட, இருபது நாள் அந்த வேலை நடந்தது. அரசாங்க உத்தியோகம் பார்த்த கை என்று தம்பி ஒருமுறை முனகினார். மீட்டரைப் பார்த்து எழுதின கைதானே, மீட்டரைத் தூக்கின கை இல்லையே என்றார் அத்தை. பப்பாளித் தண்டு தண்ணீர் தேங்கினால் அழுகிவிடும் என்பதால் மண்ணைக் குவித்து ஐந்து மேடு கட்டினார்கள். மேட்டுக்கு ஒரு கன்று.

ஐந்தும் பிடித்தன. பிடித்தது மட்டுமல்ல, போட்டி போட்டுக்கொண்டு வளர்ந்தன. எட்டாம் மாதம் அத்தையின் தலைக்கு மேலே குடை விரித்துப் பூத்தன.

அங்கேதான் அந்தத் தவறு நடந்தது. வேறு யார் வளர்த்திருந்தாலும் நடந்திருக்காது.

இரண்டு மரங்களில் பூ தண்டை ஒட்டி, உருண்டு திரண்டு, பிஞ்சு போலவே இருந்தது. மற்ற மூன்றில் நீளநீளமான காம்புகள் தொங்கின. அவற்றில் கொத்துக்கொத்தாக ஒல்லிப் பூக்கள். ஆட்டிப் பார்த்தால் உதிர்ந்தன. பிஞ்சின் சுவடே இல்லை. அத்தை மூன்று நாள் பார்த்தார். முப்பத்தொரு வருடம் வரிசையில் வந்த சட்டைகளில் நல்லதை இந்தப் பக்கமும் குறையுள்ளதை அந்தப் பக்கமும் தள்ளிய கண் அது. குறை இருக்கும் இடத்தில் சிவப்பு அம்பு ஒட்டித் தள்ளுவது கம்பெனி முறை. அந்த ஸ்டிக்கர்ச் சுருளில் ஒன்று வீட்டு மேசை டிராயரில் இன்னும் கிடந்தது. அத்தை மூன்று தண்டுகளிலும் ஒவ்வொரு சிவப்பு அம்பை ஒட்டினார்.

இருந்துவிட்டுப் போகட்டுமே என்றார் தம்பி.

"பூத்துட்டு மட்டும் நிக்கறதுக்கு இது பூங்கா இல்லடா. வேலை செய்யாதவனுக்கு வரிசையில இடம் கிடையாது."

அன்று மாலைக்குள் மூன்றும் வேரோடு வெளியே கிடந்தன. தழையும் தண்டும் வண்டியில் ஏறிப் போயின. மிஞ்சிய இரண்டுக்கும் இனி நல்ல வெயில், நல்ல உரம் என்று அத்தை நிம்மதியாகக் கை கழுவினார். கையில் மஞ்சளாக ஏதோ பொடி ஒட்டியிருந்தது. அதையும் சோப்புப் போட்டுக் கழுவினார்.

அடுத்த வாரத்திலிருந்து பூ உதிர ஆரம்பித்தது. விரிந்த பூ நான்கு நாள் நிற்கும், மஞ்சளாகும், பொத்தென்று விழும். தண்ணீர் கூடிவிட்டது என்று குறைத்தார். குறைத்தது தவறோ என்று கூட்டினார். எறும்பைக் குற்றம் சொன்னார். பக்கத்து வீட்டு மாடிக் கண்ணைக்கூட ஒருநாள் குற்றம் சொன்னார். பூவுக்குத் தலை சுற்றுகிறது போல, அண்ணி என்றாள் தம்பி மனைவி. அவளிடம் அத்தை இரண்டு நாள் பேசவில்லை.

பாலம் கட்டும் ஊரிலிருந்து ஞாயிறுதோறும் போன் வந்தது. "தட்டு கழுவி வச்சிருக்கேன் சம்பந்தியம்மா" என்பார் சம்பந்தி. வேறொன்றும் சொல்ல மாட்டார். அதற்கே அத்தைக்கு அன்றைய சாப்பாடு இறங்காது.

இரண்டு மாதம் இப்படியே போனது. பத்தாம் மாதம் ஒரு காலையில் அத்தை விழுந்த பூக்களில் பத்தைப் பொறுக்கிவந்து, மேசையில் வெள்ளைத் துணி விரித்து வரிசையாக வைத்தார். கம்பெனியில் தையல் எண்ணப் பயன்படுத்திய பூதக்கண்ணாடியை எடுத்தார். பத்தையும் பிளேடால் கீறிப் பார்த்தார். பத்தும் ஒன்று போலவே இருந்தன. அடியில் பருத்த சூல், அதன் தலையில் விசிறி விரித்தாற்போல ஒரு கிரீடம். குறை என்று சுட்ட ஓர் இடம் இல்லை. குறையே இல்லாத சரக்கு ஏன் விழ வேண்டும்?

வேலைக்குக் கிளம்பிக்கொண்டிருந்த மருமகளைக் கூப்பிட்டுக் காட்டினார். நாளெல்லாம் மைக்ராஸ்கோப்பில் கண்ணை வைக்கிறவள் அவள். குனிந்து பத்தையும் பார்த்துவிட்டு நிமிர்ந்தாள்.

"எல்லாமே பெண் பூ, பெரியம்மா. மகரந்தத் தூள் ஒரு பொட்டுகூட ஒட்டலை. ஆண் பூ எங்க?"

அத்தை பூதக்கண்ணாடியைக் கீழே வைத்தார். நீளக் காம்பில் தொங்கிய ஒல்லிப் பூக்களும், கையில் ஒட்டிய மஞ்சள் பொடியும், அதைக் கழுவிய சோப்பும் ஒவ்வொன்றாக நினைவுக்கு வந்தன. மருமகள் கைப்பையை மாட்டிக்கொண்டு, ஒன்றும் கேட்காமல், அத்தையின் தோளை ஒருமுறை தொட்டுவிட்டுப் போனாள். நல்ல வீட்டுப் பெண்; அப்பாவுக்குப் போன் போட்டுச் சொல்லவும் இல்லை.

காய் பிடித்துப் பழுக்க ஐந்து மாதம் வேண்டும். கையில் இருந்தது ஐந்து மாதமும் சில நாட்களும். இனி விதை போட்டு ஆண் மரம் வளர்த்துப் பூக்க வைப்பது ஆகாத காரியம். எங்காவது பூத்து நிற்கிற ஆண் மரம் வேண்டும், அதுவும் காலையில் பறித்த பூ வாடாமல் வந்துசேரும் தூரத்தில்.

அத்தை தம்பியைக் கேட்டார். நாற்பது தெருவில் வீடு வீடாகப் புகுந்து, கொல்லைப்புற மீட்டர் பெட்டி வரைக்கும் போய்வந்தவர் அவர். எந்த வீட்டில் எந்த நாய், எந்தச் சுவரில் எந்தக் கொடி என்று தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வார். இப்போது மட்டும் திக்கினார்.

"ஒண்ணு இருக்கு. ஆனா நீ போக மாட்டே."

"யாரு வீடு?"

"எண்ணூறு வீடு."

எண்ணூறு என்பவர் அதே சட்டைக் கம்பெனியில் லைன் சூப்பர்வைசராக இருந்தவர். ஒருமுறை அவர் வரிசையிலிருந்து வந்த எண்ணூறு சட்டைகளையும் அத்தை மொத்தமாகத் திருப்பி அனுப்பினார். காலர் ஒரு பக்கம் நூல் கனம் இறங்கியிருந்தது. எண்ணூறையும் பிரித்துத் தைக்க வேண்டியதாயிற்று; அந்த ஆண்டு அவருக்கு வர வேண்டிய பதவி உயர்வு அடுத்த வரிசைக்காரருக்குப் போனது. அன்றிலிருந்து கம்பெனி முழுக்க அவருக்குப் பெயர் எண்ணூறு. ஓய்வு பெற்றும் பெயர் ஓய்வு பெறவில்லை. காய்கறிக் கடைக்காரர்கூட அப்படித்தான் கூப்பிடுகிறார். பதினெட்டு வருடமாக இருவரும் தெருவில் எதிரெதிரே வந்தால் ஒருவர் மறுபக்கம் மாறிவிடுவார்.

தான் போய்க் கேட்டு வாங்கிவருவதாகத் தம்பி சொன்னார். மகன், விடிவதற்குள் வேலிக்கு வெளியே நின்று கை நீட்டினால் நாலு பூ பறித்துவிடலாம், யாருக்குத் தெரியப்போகிறது என்றான். அத்தை அவனைப் பார்த்த பார்வையில் அவன் காப்பியை எடுத்துக்கொண்டு எழுந்து போனான். திருட்டுப் பூவில் காய்த்த பழத்தைச் சம்பந்தி தட்டில் வைப்பதைவிடச் சிமெண்ட் மேல்.

மறுநாள் காலை எட்டு மணிக்கு, இஸ்திரி போட்ட புடவையில், அத்தை எண்ணூறு வீட்டு வாசலில் மணி அடித்தார். வேலி ஓரத்தில் அந்த மரம் நின்றது. யாரும் நடாமல் தானாக முளைத்தது. வெட்டச் சோம்பல்பட்டு விட்டுவைத்தது. காம்புகள் தலைமுடி போலத் தொங்க, பூத்துச் சொரிந்துகொண்டிருந்தது.

கதவைத் திறந்த சூப்பர்வைசர் அத்தையைப் பார்த்து, தெருவில் வேறு யாராவது வந்திருக்கிறார்களா என்றும் பார்த்தார். உள்ளே அழைத்தார். நாற்காலி காட்டினார். அத்தை உட்காரவில்லை.

"உங்க பப்பாளிப் பூ வேணும். தினம் காலையில ஆறு பூ. மூணு வாரத்துக்கு."

அவர் நிதானமாக மூக்குக்கண்ணாடியைத் துடைத்தார். "எம்பது வயசானாலும் எண்ணூறுன்னுதான் என்னைக் கூப்பிடப் போறாங்க. அந்தப் பேரு உங்க புண்ணியம்."

"பேர் வச்சது நான் இல்ல. சட்டையைத் திருப்பினதுதான் நான்."

"அது நல்ல சட்டை."

"காலர் கோணல். இன்னைக்குக் கொண்டு வந்தாலும் கோணல்னுதான் சொல்லுவேன்."

சொல்லிவிட்டு அத்தை மூச்சை இழுத்துவிட்டார். பூ கிடைக்காமல் போனாலும் போகட்டும், அதை மட்டும் மாற்றிச் சொல்ல முடியாது. ஆனால் சொல்ல வேண்டியது இன்னொன்று இருந்தது.

"ஆனா மூணு மரத்தை நான் தப்பா ரிஜெக்ட் பண்ணிட்டேன். மூணும் நல்ல சரக்கு. குறை என் கண்ணுல."

சூப்பர்வைசர் கண்ணாடியைப் போட்டுக்கொண்டார். சமையலறைப் பக்கம் திரும்பி, கொஞ்சம் இங்கே வா என்று மனைவியைக் கூப்பிட்டார். மனைவி ஈரக் கையோடு வந்து நின்றாள்.

"இன்னொரு தடவை சொல்லுங்க" என்றார் அவர்.

அத்தை இன்னொரு தடவை சொன்னார். முதல் தடவையைவிடத் தெளிவாகவே சொன்னார். முப்பத்தொரு வருடத்தில் கம்பெனியே கேட்டிராத வார்த்தை அது. சூப்பர்வைசரின் முகத்தில் ஏதோ ஒன்று பிரிந்து, சரியாகத் தைத்துக்கொண்டது. அவர் ஏணியை எடுக்கப் பின்பக்கம் போனார். அவர் மனைவி, நாற்காலியில் உட்காருங்கள், ஏணி கிடைக்க நேரமாகும், எதை எங்கே வைத்தார் என்று அவருக்கே தெரியாது என்றாள். அப்போது அத்தை உட்கார்ந்தார்.

இருபத்தொரு நாள் அது நடந்தது. காலை ஏழு மணிக்கு அத்தை டிபன் பாக்ஸோடு போவார். அதற்குள் ஈரக் கைக்குட்டை, கைக்குட்டைக்குள் ஆறு பூ. திரும்பிவந்து ஸ்டூல் மேல் ஏறி, ஆண் பூவின் இதழ்களைக் கிள்ளிவிட்டு, மிஞ்சும் மஞ்சள் தலையைப் பெண் பூவின் கிரீடத்தில் மெதுவாகத் தொட்டு உருட்டுவார். பட்டன் துளையில் நூல் நிற்கிறதா என்று பார்த்த விரல்களுக்கு அது புது வேலையே இல்லை. ஸ்டூலைத் தம்பி பிடித்துக்கொள்வார். ஐந்தாம் நாள் தொட்ட பூ ஒன்பதாம் நாள் விழவில்லை. இதழ் மட்டும் சுருங்கி உதிர, அடியில் பச்சையாக, கோலிக்குண்டு அளவில் ஒன்று தங்கியது. தம்பி மனைவி அடுப்பை அணைத்துவிட்டு வந்து பார்த்தாள். தலைசுற்றல் நின்றுவிட்டது, அண்ணி என்றாள். இம்முறை அத்தை சிரித்தார்.

பதினொரு காய் நின்றது. ஒன்றையொன்று நெருக்காதபடி இரண்டைக் கிள்ளி எறிந்தார். கிள்ளுவதற்கு முன் மருமகளைக் கூப்பிட்டுக் காட்டி, கிள்ளலாமா என்று கேட்டார். ஒன்பது காய்கள் தண்டைச் சுற்றிக் கனத்து வளர்ந்தன. காற்று மாதத்தில் மரங்களுக்கு மூன்று பக்கமும் முட்டுக் கொடுத்தார்கள். மகன்தான் அந்தக் கம்புகளை வாங்கிவந்து ஊன்றினான். கார் வந்துவிட்டிருந்தது, தெருவில் சுவரோரம் நின்றது. அங்கேயே நிற்கட்டும், அதற்கு வேர் இல்லையே என்று அத்தை சொன்னபோது அவன் மறுக்கவில்லை.

சம்பந்தி சொன்ன நாளுக்கு ஒரு வாரம் முன்பே வந்து இறங்கினார். கூடவே லாரி, அதில் நாற்பது மூட்டை சிமெண்ட், ஜல்லி, கொத்தனார் ஒருவர். மூட்டைகள் சந்தில் அடுக்கப்பட்டன. கொத்தனார் கொல்லையில் சுண்ணாம்பால் கோடு போட்டார். கோடு இரண்டு பப்பாளி மரங்களையும் குறுக்கே வெட்டிக்கொண்டு போனது. சம்பந்தி நிமிர்ந்து பார்த்தார். காய்கள் இருப்பது அவருக்கு எதிர்பாராததுதான். ஆனால் ஒன்பதும் கல் போலப் பச்சை.

"காய் இருக்கு, ஒத்துக்கறேன். பேசினது பழம்."

"பேசினது ஞாயித்துக்கிழமை" என்றார் அத்தை.

அந்த வாரம் அந்த வீட்டில் யாரும் சத்தமாகப் பேசவில்லை. திங்கள் பச்சை. செவ்வாய் பச்சை. தம்பி ஒரு நாளைக்குப் பதினைந்து தடவை மீட்டர் பார்ப்பதுபோல் போய்ப் பார்த்துவந்தார். புதன் மதியம், அடிவரிசையில் இருந்த பெரிய காயின் மூக்கில் விரல் அகலத்துக்கு ஒரு மஞ்சள் கீற்று. அத்தை யாரிடமும் சொல்லாமல் சாய்வாக நின்று இரண்டு தடவை பார்த்தார். தன் கண்ணை இப்போதெல்லாம் அவர் முழுசாக நம்புவதில்லை. மருமகள் வேலையிலிருந்து வந்ததும் அவளையும் பார்க்கச் சொன்னார். மஞ்சள்தான் என்றாள் அவள்.

வெள்ளிக்கிழமை கீற்று பட்டையானது. சனிக்கிழமை பாதிப் பழம் நிறம் மாறியது. ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணிக்கு, அதே ஆறு பேரும், வாசலில் கொத்தனாரும் லாரி டிரைவரும் நிற்க, அத்தை ஸ்டூலில் ஏறிப் பழத்தை இரண்டு கையாலும் பிடித்து ஒரு திருகு திருகினார். காம்பிலிருந்து பால் ஒரு சொட்டு அவர் மணிக்கட்டில் விழுந்தது. துடைக்கவில்லை. நேராகக் கூடத்துக்குக் கொண்டுபோய்ச் சம்பந்திக்கு முன்னால் வைத்து, கத்தியை அவர் கையிலேயே கொடுத்தார்.

சம்பந்தி வெட்டினார். உள்ளே செக்கச்செவேலென்று இருந்தது. நடுவில் கருகருவென்று விதை நிறைந்திருந்தது. ஒரு துண்டை வாயில் போட்டார். மென்றார். இன்னொன்றை எடுத்தார். அதற்குப் பிறகு மூன்றாவதை எடுக்கும் வரையில் அவர் யாரையும் பார்க்கவில்லை.

"சர்க்கரை ஏதாவது தடவினீங்களா?" என்றார் கடைசியில்.

"வெட்டினது நீங்க."

சம்பந்தி கத்தியைக் கீழே வைத்தார். நேர்மையான மனிதர், அதைச் சொல்லியாக வேண்டும். "தோத்துட்டேன்னு வாய்விட்டுச் சொல்லணுமா சம்பந்தியம்மா?"

"வேணாம். மூட்டையை ஏத்துங்க, போதும்."

அவர் சொன்ன சொல்லைக் காப்பாற்றினார். சட்டைக் கையை மடித்துக்கொண்டு முதல் மூட்டையைத் தோளில் சுமந்து லாரியில் போட்டார். இரண்டாவதை டிரைவர் வாங்கிக்கொண்டார். ஒரு கைப்பிடிச் சிமெண்ட்கூட அந்த வீட்டில் தங்கவில்லை. கொல்லையில் போட்டிருந்த சுண்ணாம்புக் கோட்டை மகன் வாளித் தண்ணீர் ஊற்றி அழித்தான். இரண்டாவது பழம் நான்கு நாள் கழித்துப் பழுத்தது. அதை அத்தை துணியில் சுற்றி, வழக்கமான டிபன் பாக்ஸ் பாதையில் நடந்து, சூப்பர்வைசரின் கையில் கொடுத்து, அவருடைய சொந்தப் பெயரைச் சொல்லி வாங்கிக்கொள்ளச் சொன்னார். பதினெட்டு வருடத்துக்குப் பிறகு தெருவில் ஒருவர் அவரை அப்படிக் கூப்பிட்டது அதுதான் முதல் தடவை.

பப்பாளி சாப்பிட்ட சம்பந்தி வயிறு கெட்டு அடுத்த வாரம் ஆஸ்பத்திரியில் கிடந்தார் என்று தெருவில் ஒரு பேச்சு இருக்கிறது. கிளப்பியது எந்த வீட்டு மாடி என்று எல்லோருக்கும் தெரியும். அது பொய். ஆஸ்பத்திரிக்குப் போனது உண்மை; போனது கடைவாய்ப் பல் பிடுங்க. பிடுங்கிய பிறகு கெட்டியாக எதுவும் மெல்ல முடியாமல், பப்பாளி இருக்கிறதா என்று போன் போட்டுக் கேட்டவர் அவர்தான். மருமகள் இரண்டு பழம் கொண்டுபோய்க் கொடுத்தாள். இரண்டையும் அவர் ஒரே நாளில் சாப்பிட்டு முடித்தார்.